நாற்றின் முதல் மண்

நுழையும்முன்

விதையின் ஆற்றல் பெரிது. ஆயினும், முளைத்த முதல் முப்பது நாள்களில் அது நிமிர்வதும் சாய்வதும் தன்னைச் சூழ்ந்துள்ள ஒரு பிடி மண்ணைப் பொறுத்தே அமைகின்றன. அந்த ஒரு பிடி மண்ணுக்காக உலகின் வடபுலச் சதுப்புநிலங்கள் பல வெட்டப்பட்டு வந்துள்ளன. அவற்றைத் தொடாமல், நம் வட்டாரத்தில் கழிவாகக் குவியும் பொருள்களைக் கொண்டே நாற்றுக்குரிய மண்கலவையைச் செய்துகொள்ளும் முறையையும் அதன் அறிவியலையும் இப்பாடம் விளக்குகிறது.

விதையை ஓரிடத்தில் நெருக்கமாக முளைக்கவைத்து, வளர்ந்தபின் பறித்து வேறிடத்தில் நடுவது தமிழர் வேளாண்மையில் தொன்றுதொட்டு வரும் முறையாகும். நாற்று, நாற்றங்கால், நடவு ஆகிய சொற்கள் இன்றும் உயிர்ப்புடன் வழங்குவதே அதற்குச் சான்று. சிற்றூர்த் திருவிழாக்களில் பெண்கள் வளர்க்கும் முளைப்பாரியிலும் இவ்வறிவைக் காணலாம். மண்கலத்தில் மண்ணும் பொடித்த எருவும் வைக்கோலும் இட்டு, தானியங்களைத் தூவி, வெயில் படாமல் வைத்து, நாள்தோறும் அளவாக நீர் தெளிப்பர். வைக்கோல் மண்ணை இறுகவிடாமல் காற்றுக்கு இடம் தருகிறது. எரு ஈரத்தையும் ஊட்டத்தையும் தருகிறது. கலவையின் நுட்பத்தை நூல் வழியாக அல்லாமல் கைப்பழக்கத்தால் அறிந்த மரபு இது.

இன்று காய்கறி நாற்றுகள் பெரும்பாலும் குழித்தட்டுகளில் வளர்க்கப்படுகின்றன. 98 குழிகள் கொண்ட தட்டு நம் மாநிலத்தில் பரவலாகப் பயன்படுகிறது. ஒவ்வொரு குழியும் நான்கைந்து சென்டிமீட்டர் ஆழமே உடையது. அச்சிறு குழியில் தோட்டத்து மண்ணை அப்படியே நிரப்பினால் நாற்று செழிப்பதில்லை. அங்குத் தனியாக ஒரு கலவை தேவைப்படுகிறது.

சதுப்புநிலத்தின் சேமிப்பு

உலகின் பல பகுதிகளில் இக்கலவைக்கு அடிப்படையாக விளங்குவது 'பீட்' என்னும் பொருளாகும். இதனை முற்றா நிலக்கரி எனத் தமிழில் வழங்குவர். அயர்லாந்து, பின்லாந்து, கனடா போன்ற குளிர்நாடுகளில் நீர் தேங்கிய சதுப்புகளில் ஸ்பேக்னம் என்னும் பாசி வளர்கிறது. அது தன் உலர் எடையைப்போல ஏறத்தாழ 20 மடங்கு நீரைத் தாங்கவல்லது. பாசி மடியும்போது, நீருக்கடியில் உயிர்வளி இல்லாமையாலும் நீர் அமிலத்தன்மை கொண்டிருப்பதாலும் முழுமையாக மட்குவதில்லை. பாதி மட்கிய அப்பாசி அடுக்கடுக்காகப் படிந்து பீட் ஆகிறது. ஆண்டொன்றுக்குச் சுமார் 1 மில்லிமீட்டர் அளவே இது படியும். ஆகவே 1 மீட்டர் ஆழப் படிவு உருவாக ஏறத்தாழ 1000 ஆண்டுகள் ஆகின்றன.

1930களில் இங்கிலாந்தின் ஜான் இன்னஸ் தோட்டக்கலை நிறுவனத்தில் வில்லியம் லாரன்ஸ், ஜான் நியூவெல் ஆகியோர் விதை முளைப்பதற்கேற்ற சீரான கலவை ஒன்றை வகுத்தனர். வண்டல் சார்ந்த தோட்டமண் 2 பங்கு, பீட் 1 பங்கு, மணல் 1 பங்கு என்பது அதன் அளவு. மண்ணை மட்டும் நீராவியால் சூடேற்றி நோய்க்கிருமிகளை அழித்தபின் மற்றவற்றைக் கலந்தனர். பின்னர் வந்த கலவைகளில் மண்ணின் பங்கு குறைந்து பீட்டின் பங்கு பெருகியது. எடை குறைவு, நீரைத் தாங்கும் திறன், ஒரே சீரான தன்மை ஆகியவை அதற்குக் காரணங்கள்.

இவ்வசதிக்கு இயற்கை கொடுக்கும் விலை பெரிது. பீட் நிலங்கள் உலகின் நிலப்பரப்பில் சுமார் 3 விழுக்காடே. ஆயினும், உலகக் காடுகளின் தாவரங்கள் அனைத்தும் தம்முள் வைத்திருக்கும் கரிமத்தைவிட மிகுதியான கரிமத்தை அவை புதைத்து வைத்துள்ளன. பீட் வெட்டுவதற்காகச் சதுப்பின் நீரை வடித்தவுடன் உயிர்வளி உட்புகுகிறது; நெடுங்காலம் நின்றிருந்த மட்குதல் மீண்டும் தொடங்குகிறது; கரிமம் கரியமில வளியாகி வெளியேறுகிறது. ஆயிரம் ஆண்டுச் சேமிப்பு ஒரு பருவத்து நாற்றுக்காகச் செலவாகிறது. இதனை உணர்ந்து, அயர்லாந்தின் அரசு நிறுவனமான போர்ட் நா மோனா, தன் நிலங்களில் பீட் வெட்டும் பணியை முற்றிலும் கைவிடுவதாக 2021இல் அறிவித்தது.

தெரிந்து தெளிவோம்

பீட் படிவுகள் குளிர்நாடுகளுக்கு மட்டும் உரியவை அல்ல. நீலகிரி மலையின் பள்ளத்தாக்குச் சதுப்புகளிலும் அவை உள்ளன. அவற்றின் அடுக்குகளில் உள்ள கரிம அணுவகைகளை ஆராய்ந்து, தென்னிந்தியாவின் கடந்த 20,000 ஆண்டுத் தட்பவெப்ப வரலாற்றை இராமன் சுகுமார் உள்ளிட்ட இந்திய அறிவியலாளர்கள் 1993இல் வெளியிட்டனர். 1950இல் டென்மார்க்கின் சதுப்பு ஒன்றில் பீட் வெட்டியவர்கள் மனித உடலொன்றைக் கண்டு, அண்மையில் நிகழ்ந்த கொலை எனக் கருதிக் காவல்துறைக்குத் தெரிவித்தனர். அது 2000 ஆண்டுகளுக்கும் முற்பட்டவரின் உடல் என்பது பின்னரே தெரியவந்தது. எதனையும் எளிதில் மட்கவிடாத பீட்டின் இயல்பை இந்நிகழ்வு காட்டுகிறது.

தென்னையின் கொடை

பீட்டுக்கு மாற்றாக உலகம் இன்று பெரிதும் நாடுவது தென்னை நார்க்கழிவாகும். தேங்காய் மட்டையிலிருந்து நாரைப் பிரிக்கும்போது தூளாக உதிர்வது இது. மட்டையின் எடையில் நார் ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்கே. எஞ்சியவை எல்லாம் இத்தூளே. 'கோகோபீட்' என்னும் பெயரில் கட்டிகளாக அழுத்தி விற்கப்படுவதும் இதுவே. உலகின் கயிற்று நார்ப்பொருள்களில் பெரும்பகுதி இந்தியாவிலும் இலங்கையிலும் உருவாகிறது. பொள்ளாச்சி, உடுமலை வட்டாரங்களின் நார் ஆலைகள் இத்தொழிலில் குறிப்பிடத்தக்கவை.

நார்க்கழிவில் லிக்னின் என்னும் மரப்பொருள் மிகுதி. அதனால் எளிதில் மட்காது. நெடுநாள் தன் வடிவை இழக்காமல் இருக்கும். நாற்றுக்கு இது நன்மை, நிலத்துக்கோ வேறு. திறந்தவெளியில் மலைபோல் குவித்த நார்க்கழிவின்மேல் மழை பெய்யும்போது டானின் போன்ற பழுப்புநிறப் பொருள்கள் கரைந்து இறங்கி நிலத்தடி நீரின் நிறத்தையும் தரத்தையும் கெடுக்கின்றன. குவியலாகக் கிடக்கும் கழிவைக் கலவையாக்குவது, தொலைவிலுள்ள சதுப்பையும் அருகிலுள்ள கிணற்றையும் ஒருசேரக் காக்கும் செயலாகும்.

பீட்டோடு ஒப்பிடும்போது நார்க்கழிவுக்குச் சில மேன்மைகள் உண்டு. பீட் மிகுந்த அமிலத்தன்மை உடையது. சுண்ணாம்பு சேர்த்தே பயன்படுத்த வேண்டும். நார்க்கழிவின் அமில காரச் சுட்டெண் பெரும்பாலும் 5.5 முதல் 6.5 வரை அமைவதால் சுண்ணாம்பு தேவைப்படுவதில்லை. முற்றிலும் காய்ந்த பீட் நீரை எளிதில் ஏற்காது; நார்க்கழிவோ காய்ந்தபின்னும் நீரை விரைந்து உறிஞ்சும்.

வேர் வேண்டுவன

நாற்றின் வேருக்கு நீரும் காற்றும் ஒரே நேரத்தில் வேண்டும். கலவைத் துகள்களுக்கு இடையே சிறு துளைகளும் பெருந்துளைகளும் உள்ளன. சிறு துளைகள் நீரைப் பிடித்து வைக்கின்றன. பெருந்துளைகளிலிருந்து நீர் வடிந்து, அவ்விடத்தில் காற்று நிரம்புகிறது. களிமண் மிகுந்த தோட்டமண்ணில் பெருந்துளைகள் குறைவு. அடிக்கடி நீர் ஊற்றும்போது அது மேலும் இறுகி வேரை மூச்சுத் திணறச் செய்கிறது.

தோட்டத்தில் நன்கு வடியும் மண்ணும் சிறு குழியில் வடிவதில்லை. இதனை எளிய ஆய்வொன்றால் அறியலாம். பாத்திரம் துலக்கும் ஸ்பாஞ்சுத் துண்டை நீரில் முழுதும் நனைத்துப் படுக்கைவாட்டில் பிடித்தால் சிறிது நீர் சொட்டி நின்றுவிடும். அதனையே செங்குத்தாக நிமிர்த்தினால் மேலும் நீர் வடியும். நுண்துளைகளின் பிடிப்பை வெல்லும் அளவுக்கு நீரின் உயரம் இருந்தால்தான் வடிதல் நிகழ்கிறது. ஆகவே ஆழமற்ற கலத்தில் அடிப்பகுதி எப்போதும் நீர் செறிந்தே இருக்கும். அடியில் சரளைக் கற்களை இடுவதாலும் இந்நிலை மாறாது. நீர்செறிந்த அடுக்கு சரளைக்கு மேலே சற்று உயர்ந்து நிற்குமேயன்றி மறையாது. கலவை முழுவதிலும் பெருந்துளைகள் இருப்பதே இதற்குத் தீர்வாகும்.

ஊட்டத்தைப் பொறுத்தவரை விதைக்குத் தொடக்கத்தில் தேவை மிகக் குறைவு. உண்மை இலைகள் தோன்றும்வரை விதையிலுள்ள சேமிப்பே போதும். உரம் மிகுந்த கலவை நன்மைக்கு மாறாகத் தீமையே செய்யும். கரைந்த உப்புகள் மிகும்போது விதை நீரை உறிஞ்ச இயலாமல் தவிக்கும்.

பொருள்களும் அளவும்

வீட்டிலோ பள்ளியிலோ 10 லிட்டர் கலவை செய்யப் பின்வரும் பொருள்கள் போதும். கன அளவில், கழுவிய நார்க்கழிவு 6 லிட்டர், சலித்த மண்புழு உரம் 2 லிட்டர், உமிக்கரி 2 லிட்டர், வேப்பம் புண்ணாக்குத் தூள் ஒரு கைப்பிடி. 98 குழிகள் கொண்ட தட்டுகள் மூன்றை நிரப்ப இது ஏறத்தாழப் போதுமானது.

இவற்றுள் நார்க்கழிவு நீரைத் தாங்குகிறது. மண்புழு உரம் மென்மையான ஊட்டத்தையும் நன்மை தரும் நுண்ணுயிரிகளையும் அளிக்கிறது. அதற்கு மாற்றாக, ஓராண்டு மட்கிய இலைமட்கையும் பயன்படுத்தலாம். உமிக்கரி கலவையை இறுகவிடாமல் காற்றுக்கு இடம் தருகிறது. உமி குறைந்த காற்றில் கரிந்து கருமையாக இருப்பதே உமிக்கரி. முழுதும் எரிந்து வெளுத்த சாம்பல் அன்று. சாம்பல் காரத்தன்மை மிகுந்தது. நுண்பொடியாகித் துளைகளை அடைக்கவும் செய்யும். வேப்பம் புண்ணாக்கு சில மண்வாழ் பூச்சிகளையும் நூற்புழுக்களையும் கட்டுப்படுத்துகிறது.

பச்சை மரத்தூளும் மட்காத சாணமும் இக்கலவைக்கு ஆகா. கரிமம் மிகுந்து தழைச்சத்துக் குறைந்த பொருள் மட்கத் தொடங்கும்போது, நுண்ணுயிரிகள் தம் வளர்ச்சிக்குரிய தழைச்சத்தைச் சுற்றுப்புறத்திலிருந்து எடுத்துக்கொள்கின்றன. நாற்று அதனை இழந்து வெளிறுகிறது. நார்க்கழிவிலும் கரிம தழைச்சத்து விகிதம் 100க்கு மேல் உள்ளது. லிக்னின் மிகுதியால் மெல்லவே மட்குவதால் குறுகிய நாற்றுப் பருவத்தில் பெருந்தீங்கு நேர்வதில்லை. வயலுக்கு உரமாக இடுவதாயின் அதனை மட்கச்செய்தே இடவேண்டும். சிப்பிக்காளான் வித்தையும் யூரியாவையும் அடுக்கடுக்காக இட்டு மட்கவைக்கும் முறை தமிழ்நாட்டு உழவர்களிடையே பரப்பப்பட்டுள்ளது. லிக்னினைச் சிதைக்கும் ஆற்றல் அக்காளானுக்கு உண்டு.

கழுவுதல்

நார்க்கழிவில் இயல்பாகவே பொட்டாசியமும் சோடியமும் உள்ளன. உவர்நீரில் ஊறிய மட்டையிலிருந்து கிடைத்ததாயின் உப்பு மேலும் மிகும். ஆகவே, கழுவாத தூளில் விதைப்பது வீண்.

650 கிராம் கட்டி ஒன்றைச் சுமார் 4 லிட்டர் நீரில் இட்டால் அது ஏறத்தாழ 8 லிட்டர் அளவுக்கு உப்பிவிடும். பின்னர் மிகுதியான நீரில் ஓரிரவு ஊறவைத்து, துணியில் வடிகட்டிப் பிழிய வேண்டும். இவ்வாறு இரண்டு அல்லது மூன்று முறை செய்தால், முதலில் அடர்பழுப்பாக வடியும் நீர் படிப்படியாக வெளிறும். நிறம் வெளிறுவது ஓர் அடையாளமே; உப்பு நீங்கியதை உறுதிசெய்வது முளைப்புச் சோதனையே.

துகள்களின் மேற்பரப்பில் ஒட்டியுள்ள சோடியம் வெறும் நீரால் முழுமையாக நீங்குவதில்லை. கால்சியம் அதனை இடம்பெயரச் செய்யும். வணிக நிறுவனங்கள் இதற்காகவே கால்சியம் நைட்ரேட் கரைசலில் ஊறவைக்கின்றன. வீட்டளவில், நன்கு கழுவி மண்புழு உரம் கலப்பதே பெரும்பாலும் போதும். அவ்வுரத்திலும் கால்சியம் உண்டு.

கழுவிய நீரைச் சாக்கடையிலோ கிணற்றருகிலோ கொட்டுவது தகாது. பொட்டாசியம் நிறைந்த அந்நீரை மேலும் நீர்கலந்து தென்னை மரத்தின் பாத்தியில் விடலாம். உப்பை ஓரளவு தாங்கும் தென்னைக்கு, அதன் மட்டையிலிருந்து வந்த சத்தே மீண்டும் சென்றடைகிறது.

கலத்தலும் சோதித்தலும்

பொருள்கள் அனைத்தையும் தார்ப்பாயில் பரப்பி, மூன்று முறையேனும் புரட்டிக் கலக்க வேண்டும். சிறிது நீர் தெளித்து, நிழலில் ஈரச்சாக்கால் மூடிப் பத்து நாள் வைத்தால் வேப்பம் புண்ணாக்கின் வீரியம் தணியும். அதன்பின் டிரைக்கோடெர்மா விரிடி என்னும் நன்மை செய்யும் பூஞ்சாணத் தூளைச் சிறிதளவு கலப்பது நல்லது. தோட்டமண்ணோ இலைமட்கோ சேர்ப்பதாயின், கோடையில் அதனை ஈரப்படுத்தி, நிறமற்ற பாலித்தீன் தாளால் மூடி, நான்கு முதல் ஆறு வாரம் வெயிலில் வைத்து, அவ்வெப்பத்தால் நோய்க்கிருமிகளைக் குறைக்கலாம். மண்புழு உரத்தை இவ்வாறு சூடேற்றலாகாது; அதிலுள்ள நன்மை தரும் உயிர்களும் மடியும்.

கலவையின் தகுதியை மூன்று சோதனைகளால் அறியலாம்.

முதலாவது, கைச்சோதனை. ஒரு பிடி கலவையை இறுக்கிப் பிழிந்தால் இரண்டொரு துளி நீர் கசிய வேண்டும். கை விரித்தபின் உருண்டை நிற்க வேண்டும். விரலால் தொட்டால் உதிர வேண்டும். நீர் ஒழுகினால் ஈரம் மிகுதி. உருண்டை நிற்கவில்லையெனில் ஈரம் குறைவு.

இரண்டாவது, காற்றுச்சோதனை. அடியில் துளையிட்ட 1 லிட்டர் கலத்தில் துளைகளை அடைத்துக் கலவையை நிரப்பி, மேல்வரை நீர் ததும்பும்படி மெல்ல ஊற்ற வேண்டும். சிறிது நேரத்துக்குப் பின் துளைகளைத் திறந்து, வடியும் நீரை அளக்க வேண்டும். அது 100 முதல் 200 மில்லிலிட்டர் வரை இருந்தால் கலவையில் 10 முதல் 20 விழுக்காடு காற்றிடம் உண்டு என்பது பொருள். குறைந்தால் உமிக்கரியைக் கூட்ட வேண்டும்.

மூன்றாவது, முளைப்புச் சோதனை. ஒரு கிண்ணத்தில் கலவையும் மற்றொன்றில் கழுவிய மணலும் இட்டு, இரண்டிலும் இருபது கடுகு விதைகளைத் தூவ வேண்டும். ஒரு வாரத்துக்குப் பின் இரண்டையும் ஒப்பிட வேண்டும். மணலில் முளைத்த அளவு கலவையில் முளைக்காவிடில், அல்லது இலை ஓரம் கருகினால், உப்பு மிகுதி. மீண்டும் கழுவ வேண்டும். முளைத்தபின் வெளிறினால் தழைச்சத்துக் குறைவு. தண்டின் அடி சுருங்கி நாற்றுகள் சாய்ந்தால் அது நாற்றழுகல் நோய். ஈரமும் நெருக்கமும் மிகுந்ததன் விளைவு.

விதைத்தலும் காத்தலும்

குழித்தட்டில் கலவையைத் தளர்வாக நிரப்பி, தட்டைத் தரையில் மெல்லத் தட்டிச் சமன்செய்தல் போதும். விரலால் அழுத்தினால் பெருந்துளைகள் அழியும். குழிக்கு ஒரு விதையாக, விதையின் பருமனைப்போல் இரு மடங்கு ஆழத்தில் இட்டு மூட வேண்டும். தட்டுகளை ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கிப் பாலித்தீன் தாளால் மூடி வைத்தால் ஈரமும் வெப்பமும் நிலைக்கும். முதல் முளை தலைகாட்டியவுடன் தாளை நீக்கித் தட்டுகளை ஒளியில் பரப்ப வேண்டும். ஒருநாள் தாமதித்தாலும் நாற்றுகள் வெளிறி நெடிதாகி வலுவிழக்கும்.

நார்க்கழிவுக் கலவையின் மேற்பரப்பு விரைவில் காய்ந்து வெளிர்நிறமாகும்; உள்ளே ஈரம் நிறைந்திருக்கும். கண்ணை மட்டும் நம்பி நீர் ஊற்றுவதால் அழுகும் நாற்றுகள் பல. தட்டைக் கையால் தூக்கி, அதன் எடையை உணர்ந்து, இலேசானபோது மட்டும் பூவாளியால் நீர் தெளிப்பதே முறை. காலையில் தெளித்தால் மாலைக்குள் இலைகள் உலர்ந்துவிடும். உண்மை இலை இரண்டு தோன்றியபின், மண்புழு உரத்தை ஊறவைத்து வடித்த நீரைப் பத்து மடங்கு நீரில் கலந்து வாரம் ஒருமுறை தரலாம். தக்காளி நாற்று சுமார் 25 நாள்களிலும் மிளகாய் நாற்று சுமார் 35 முதல் 40 நாள்களிலும் நடவுக்கு ஆயத்தமாகும். நடுவதற்கு ஒரு வாரம் முன்பிருந்து நீரைச் சற்றுக் குறைத்து, வெயிலைப் படிப்படியாகக் கூட்டினால் நாற்று உறுதிபெறும்.

மாற்றும் மதிப்பும்

நார்க்கழிவு குறையற்ற மாற்று என்று கூறுவதற்கில்லை. அதனைக் கழுவ நன்னீர் மிகுதியாகச் செலவாகிறது. கடல் கடந்து கப்பலில் செல்லும்போது எரிபொருளும் செலவாகிறது. ஐரோப்பாவின் சதுப்பைக் காக்கும் கட்டியொன்று, மழை குறைந்த வட்டாரமொன்றின் நிலத்தடி நீரைக் குடித்து உருவாகியிருக்கலாம். ஆகவே, எப்பொருள் சிறந்தது என்னும் வினாவுக்கு உலகெங்கும் ஒரே விடை இல்லை. அயர்லாந்தின் தோட்டக்காரருக்கு மட்கிய மரப்பட்டையும் இலைமட்கும் அருகில் உண்டு. தமிழ்நாட்டு உழவருக்குத் தென்னை நார்க்கழிவும் உமிக்கரியும் அருகில் உண்டு. அருகில் கழிவாகக் கிடப்பதை எடுத்து, அளவான நீரால் கழுவி, அந்நீரையும் வீணாக்காமல் பயன்படுத்துவதே எவ்விடத்துக்கும் பொருந்தும் நெறி. ஒரு குழியில் அடங்கும் மண் சிறிதெனினும், அது எங்கிருந்து வந்தது, எதை இழந்து வந்தது என்று கேட்டறிந்து விதைப்பவரே மண்ணையும் நீரையும் காத்து வேளாண்மை செய்பவராவர்.

கற்பவை கற்றபின்

1. உங்கள் பகுதியில் கழிவாகக் கிடைக்கும் வேளாண் பொருள்களைப் பட்டியலிட்டு, அவற்றுள் நாற்றுக்கலவைக்கு ஏற்றவை எவை, ஏலாதவை எவை எனக் காரணத்துடன் எழுதுக.

2. கழுவிய நார்க்கழிவு, கழுவாத நார்க்கழிவு, தோட்டமண் ஆகிய மூன்றிலும் கடுகு விதைகளை முளைக்கவைத்து, ஒரு வார மாற்றங்களை நாள்வாரியாகப் பதிவுசெய்க.

3. நாற்று, விதை, மண் ஆகியவை தொடர்பாக உங்கள் வட்டாரத்தில் வழங்கும் சொற்களை மூத்தோரிடம் கேட்டுத் தொகுத்து வகுப்பில் படித்துக்காட்டுக.